ஆயிரம் ரூபா கோஷம் நமக்கு என்ன தந்தது? காணிப் போராட்டப் பதாகைக்கு ஒரு வரி வேண்டும்

பெரட்டுக்களம் | செவ்வாய் இரவு 9.40

எல்லோருக்கும் வணக்கம். இலங்கை மலையகத்தில் பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டம். இளைஞர் மன்றத்தில் செயலாளராக இருக்கிறேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை காணி, வீட்டு உரிமை கேட்டு மெயின் ரோட்டில் நிற்கப் போகிறோம். துணி வாங்கியாயிற்று, பெயின்ட் வாங்கியாயிற்று. எழுத வேண்டிய வரிதான் இன்னும் கிடைக்கவில்லை.

நேற்று இரவு எட்டுப் பேர் எங்கள் லயன் வரிசை வீட்டுக் காம்பராவில் உட்கார்ந்து மூன்று மணி நேரம் பேசினோம். "காணி உரிமையை உறுதிப்படுத்து" என்றான் ஒருத்தன். "ஏழு பேர்ச் நிலம் போதாது" என்றாள் ஒரு தங்கச்சி. "200 வருஷம் ஏமாந்தது போதும்" என்பது நான் சொன்னது. ஒன்றுக்கும் எல்லோரும் தலையாட்டவில்லை. கடைசியில் அடுப்படியில் ரொட்டி சுட்டுக்கொண்டிருந்த அம்மா கேட்டார்: "இதெல்லாம் யாரு வாசிக்க எழுதுறீங்க? பஸ்ஸுல போறவங்களா, தோட்டத்துத் தொரையா, கொழும்புல இருக்கிறவங்களா, நம்மளா?" எட்டுப் பேருக்கும் பதில் தெரியவில்லை.

எனக்குள் ஒரு பழைய கேள்வியும் கிடக்கிறது. 2018 ஒக்டோபர் 24 அன்று நாள் சம்பளமாக ஆயிரம் ரூபா கேட்டு, கறுப்புச் சட்டை போட்டுக்கொண்டு கொழும்பு காலிமுகத்திடலுக்குப் போனவர்களில் நானும் ஒருவன். உயர்தரம் படித்துக்கொண்டிருந்த வயது. "ஆயிரம் ரூபா" என்று கத்திய கத்தலில் இரண்டு நாள் தொண்டை கட்டிப்போனது. 2019 ஜனவரி ஒப்பந்தத்தில் அடிப்படைச் சம்பளம் 500இலிருந்து 700 ஆனது. 2021 மார்ச்சில் 1,000 வர்த்தமானியில் வந்தது. கேட்ட தொகை வந்துவிட்டது. ஆனால் எங்கள் தோட்டத்தில் அதே கையோடு ஒரு நாளைக்குப் பறிக்க வேண்டிய கொழுந்து கிலோவைக் கூட்டினார்கள். கிலோ குறைந்தால் அரைப் பேர், அதாவது பாதி நாள் சம்பளம்தான். மாதக் கடைசியில் கையில் வாங்கிய காசை எண்ணிப் பார்த்தபோது அம்மாவின் முகத்தில் பெரிய மாற்றம் ஒன்றும் இல்லை.

அந்தக் கோஷம் வென்றதா, தோற்றதா? அது விளங்காமல் அடுத்த கோஷத்தை எழுத எனக்கு மனம் வரவில்லை.

ஊவாக்காரன் | செவ்வாய் இரவு 10.15

வென்றது தம்பி. சந்தேகமே வேண்டாம்.

ஆயிரத்துக்கு முந்தைய நிலைமையை நினைத்துப் பாருங்கள். 2016 கூட்டு ஒப்பந்தத்தில் நாள் சம்பளம் 730 என்றார்கள். அதைப் பிரித்தால் அடிப்படை 500, உற்பத்தித்திறன் 140, வரவு 60, விலைப் பங்கு 30. இதில் எது எந்த நாளைக்குக் கிடைக்கும், எந்த நாளைக்குக் கிடைக்காது என்று தோட்டத்துச் சங்கத் தலைவருக்கே தெரியாது. இரண்டு வருஷத்துக்கு ஒரு தடவை கொழும்பில் ஓர் அறைக்குள் சங்கங்களும் முதலாளிமார் சம்மேளனமும் பேசி முடிப்பார்கள். நமக்கு வந்து சேர்வது முடிந்துபோன கணக்குத்தான்.

"ஆயிரம்" என்ற ஒரு சொல் அந்த அறையின் கதவைத் திறந்தது. அதன் பிறகு கொழுந்து நிறுக்கிற இடத்தில் நிற்கிற ஓர் ஆச்சிகூட "ஆயிரம் வந்துச்சா, வரலியா?" என்று ஒரே கேள்வியில் தலைவர்மாரை மடக்க முடிந்தது. வந்ததா, இல்லையா என்றால் நடுவில் ஒளிந்துகொள்ள இடமில்லை. சிங்களத் தொலைக்காட்சியில் நம் பிரச்சினை பேசப்பட்டதும் அந்தத் தொகையால்தான். பேரம் தெரியாத மனிதர் உலகத்தில் இல்லை. மூட்டை தூக்குகிறவர், பஸ் ஓட்டுகிறவர், சந்தையில் மரக்கறி விற்கிறவர் எல்லோருக்கும் ஒரு நாளைக்கு ஆயிரம் என்றால் எவ்வளவு என்று தெரியும்.

கொழுந்துக்கூடை | புதன் காலை 5.20

அண்ணா சொல்றது சரிதான். ஆனா நான் மலையில நிக்கிறவ, என் பக்கத்தையும் கேளுங்க.

நாங்களும் ரோட்டுல நின்னோம். மாரியம்மன் கோயில்ல தேங்கா ஒடச்சோம். கொடும்பாவி கட்டி அதுக்கு முன்னால ஒக்காந்து ஒப்பாரி வச்சோம். எங்க பாட்டி செத்தப்ப பாடுன மெட்டுலயே சம்பளத்தப் பாடுனோம். வேடிக்க பார்க்க வந்தவங்களும் அழுதாங்க. ஆனா ஆயிரம்னு கத்துனோமே தவிர கிலோவப் பத்தி ஒருத்தரும் கத்தல. மாசத்துல எத்தன நாள் வேல குடுப்பீங்கன்னும் கத்தல. தொக வந்திருச்சு. கிலோ எங்க தோட்டத்துல 16லருந்து 18 ஆச்சு, சில மலையில 20. மழ நாள்ல 20 எடுக்க முடியுமா? அரப் பேருன்னா ஆயிரத்துல பாதி.

எந்தப் பக்கம் சத்தம் போட்டோமோ அந்தப் பக்கம் குடுத்துட்டு, சத்தம் போடாத பக்கமா எடுத்துக்கிட்டாங்க. இப்ப பெரட்டுக்கு, காலையில வேல பிரிக்கிற எடத்துக்குப் போகணும், மிச்சத்த ராத்திரி எழுதுறேன்.

மஸ்கெலியா_மாணவி | புதன் பகல் 1.05

அக்காவின் பதிவை மூன்று தடவை வாசித்தேன். "சத்தம் போடாத பக்கமா எடுத்துக்கிட்டாங்க" என்பதை நான் குறிப்பேட்டில் எழுதி வைத்திருக்கிறேன்.

பேராதனையில் படிக்கிறேன். போராட்டப் பேச்சு எப்படி ஆட்களை இணங்க வைக்கிறது என்பதை ஒரு பாடமாகவே ஆராய்ந்திருக்கிறார்கள். பெரட்டுக்களம் அண்ணாவின் அம்மா கேட்ட கேள்வி அங்கே பெரிய விவாதமாக நடந்திருக்கிறது. ஆரம்பத்தில் எல்லோரும் நினைத்தது, கோஷம் என்பது எதிரில் இருக்கிறவரின் மனதை மாற்றத்தான் என்று. அப்படிப் பார்த்தால் பல கோஷங்கள் படுதோல்வி. எந்த முதலாளியும் பதாகையை வாசித்து மனம் மாறியதில்லை. 1971இல் ரிச்சர்ட் கிரெக் என்ற அமெரிக்க ஆய்வாளர் வேறு மாதிரிச் சொன்னார். போராடுகிறவர் பேசுவது பெரும்பாலும் தன்னிடமே. இத்தனை காலம் தாழ்த்தப்பட்டுக் கூனிப்போன தன் முதுகைத் தானே நிமிர்த்திக்கொள்ளப் பேசுகிறார். முதலில் கேட்க வேண்டிய காது அவருடைய காதுதான்.

இதற்கு நான் எப்போதும் நினைக்கிற உதாரணம் மெம்பிஸ். 1968 பெப்ரவரியில் அந்த ஊரில் குப்பை லொறியின் அரைக்கும் பொறிக்குள் சிக்கி இரண்டு கறுப்பினத் தொழிலாளிகள் செத்தார்கள். சுமார் 1,300 பேர் வேலைநிறுத்தம் செய்தார்கள். அவர்களுக்குச் சம்பளக் கோரிக்கை இருந்தது, சங்கத்தை அங்கீகரிக்கச் சொல்லும் கோரிக்கையும் இருந்தது. ஆனால் கழுத்தில் தொங்கவிட்ட அட்டையில் தொகை எதுவும் இல்லை. "நான் ஒரு மனிதன்" என்று மட்டும் எழுதியிருந்தார்கள். வயதான ஆண்களைக்கூட "பையா" என்று கூப்பிட்ட ஊர் அது. ஏப்ரல் 4ஆம் திகதி மார்ட்டின் லூதர் கிங் அங்கேதான் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே மாதம் 16ஆம் திகதி நகரசபை இறங்கி வந்து சங்கத்தை ஏற்றுக்கொண்டது.

நம்மை "தோட்டக்காட்டான்" என்று கூப்பிட்ட பஸ் நிலையங்கள் உண்டு, பள்ளிக்கூடங்களும் உண்டு. நான் கேட்டிருக்கிறேன். அதனால் அந்த அட்டையில் இருந்த வரி எனக்குத் தூரத்துச் செய்தியாகத் தெரியவில்லை.

பழைய_தலைவர் | புதன் மாலை 6.30

பேரன் போனில் எழுதித் தருகிறான், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். எனக்கு எழுபது கடந்துவிட்டது. தோட்டத் தலைவராக இருபது வருஷம் இருந்தவன்.

கோஷம் போட்டுத்தான் ஒரு காரியம் நடக்கும் என்று பிள்ளைகள் நினைக்கக் கூடாது. 1986 ஜனவரி, தைப்பொங்கல். நாட்டில் யுத்தம். 83 ஜூலை அடிதடியில் லயன்கள் எரிந்த சூடு ஆறவில்லை. அந்த நேரத்தில் ரோட்டில் நின்று தமிழில் கத்தினால் என்ன நடக்கும் என்று சொல்லித் தெரிய வேண்டியதில்லை. இலங்கைத் தொழிலாளர் காங்கிரஸ் தலைவர் தொண்டமான் ஐயா பிரார்த்தனைப் போராட்டம் என்று அறிவித்தார். வேலைநிறுத்தம் என்ற சொல்லையே எடுக்கவில்லை. காலையில் மலைக்குப் போகாமல் கோயிலில் கூடிச் சாமி கும்பிட்டோம். வேதக்காரர்கள் சேர்ச்சில் கூடினார்கள். நம் ஆட்களில் நாடற்றவர்களாக விடப்பட்டவர்களுக்குக் குடியுரிமை வேண்டும் என்பதுதான் வேண்டுதல். சாமி கும்பிடுகிறவனை எந்தச் சட்டத்தில் பிடிப்பது? பக்கத்து நாட்டு ஆட்களும், அதாவது சிங்களக் கிராமத்து ஆட்களும், பன்சலை என்கிற புத்த கோயிலுக்குப் போய்க் கும்பிடுகிறவர்கள்தானே. அவர்களுக்கு அது அந்நியமாகத் தெரியவில்லை. அந்த வருஷமே 94,000 பேருக்குக் குடியுரிமை கொடுக்கச் சட்டம் வந்தது.

கோயிலில் நாங்கள் கத்தவில்லை. ஆனால் அந்த மௌனத்தில் பேக்டரி இயந்திரம் நின்ற சத்தம் கொழும்பு வரைக்கும் கேட்டது.

இன்னும் பழைய கதை ஒன்று என் அப்பா சொல்வார். தோட்டத் தொழிற்சங்கத்தின் முன்னோடி நடேசய்யர் தோட்டத்துக்குள் வர முடியாது, வந்தால் அத்துமீறல் வழக்கு. துணி விற்கிறவர் மாதிரி மூட்டையோடு லயத்துக்குள் வந்து விஷயத்தைத் தெரிந்துகொண்டு போனார். 1931இல் ஹட்டனில் தொழிலாளர் சம்மேளனம் தொடங்கியபோது கூட்டத்துக்கு ஆள் சேர்த்தது பேச்சு இல்லை, பாட்டு. அவர் மனைவி மீனாட்சி அம்மாள் எல்லோருக்கும் தெரிந்த மெட்டில் தொழிலாளியின் கஷ்டத்தை எழுதிப் பாடினார். எழுத்துத் தெரியாத ஆள் துண்டுப் பிரசுரத்தை வைத்து என்ன செய்வான்? பாட்டை ஒரு தடவை கேட்டால் மறுநாள் தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டும்போது அவனே பாடுவான்.

ஊவாக்காரன் | புதன் இரவு 8.10

> பழைய_தலைவர் எழுதியது: கோயிலில் நாங்கள் கத்தவில்லை. ஆனால் அந்த மௌனத்தில் பேக்டரி இயந்திரம் நின்ற சத்தம் கொழும்பு வரைக்கும் கேட்டது.

ஐயா, உங்கள் மீது மிகுந்த மரியாதை உண்டு. நீங்களே சொல்லிவிட்டீர்கள், நின்றது இயந்திரம். வென்றது பிரார்த்தனை என்ற வடிவமா, தேயிலை நின்றதால் வந்த நட்டமா? அப்போது தொண்டமான் அமைச்சரவையில் இருந்தவர். உள்ளே ஒரு காலும் வெளியே ஒரு காலுமாக நின்று பேசினார். டெல்லியின் அழுத்தமும் இருந்தது. அந்த மூன்றும் இல்லாமல் நாம் இன்று தேங்காய் உடைத்தால், பத்திரிகையில் படம் வரும். அதோடு சரி.

தம்பி பெரட்டுக்களம் காணியைப் பற்றிக் கேட்டிருக்கிறார். அதில் எனக்கு ஒரு பெரிய பயம் இருக்கிறது. ஆயிரம் ரூபா யாரையும் பயமுறுத்தவில்லை. காணி பயமுறுத்தும். கண்டிச் சீமைக் கிராமத்து ஆட்களுக்கு ஒரு நினைவு உண்டு: 1840 முடிக்குரிய காணிச் சட்டத்தால் தங்கள் சேனைப் பயிர் நிலமும் காடும் வெள்ளைக்காரன் கைக்குப் போய்க் கோப்பித் தோட்டம் ஆனது என்று. அது உண்மைதான். அந்தக் காட்டை வெட்டிய கூலி நாம்தான் என்பதும் உண்மை. 1977 மே மாதம் டெவன் தோட்டத்தில் 7,000 ஏக்கரைப் பிரித்து வெளியாருக்குக் கொடுக்கப் போனபோது எதிர்த்து நின்ற சிவனு லட்சுமணன் பொலிஸ் சூட்டில் விழுந்தார். காணி என்ற சொல்லுக்குள் அந்த இரத்தமும் இருக்கிறது. பதாகையில் "காணி கொடு" என்று போட்டால், பஸ்ஸில் போகிற சிங்களவருக்கு அது "உன் காணியைக் கொடு" என்று கேட்கலாம்.

மஸ்கெலியா_மாணவி | புதன் இரவு 9.00

இதைத்தான் நானும் எழுத வந்தேன். ஒரே சொல் மூன்று காதில் மூன்றாக விழுகிறது.

சார்ல்ஸ் டில்லி என்ற சமூகவியலாளர் போராட்டம் பார்ப்பவர் மனதில் நான்கு விஷயத்தைப் பதிய வைக்க வேண்டும் என்றார்: நாங்கள் மதிக்கத்தக்கவர்கள், ஒன்றாக இருக்கிறோம், நிறையப் பேர் இருக்கிறோம், பின்வாங்க மாட்டோம். நம் ஆட்கள் இதை வாசிக்காமலே செய்திருக்கிறார்கள். காலிமுகத்திடல் கறுப்புச் சட்டையைப் பாருங்கள். கட்சிக் கொடி இல்லாத ஒரே நிறம், ஆயிரக்கணக்கான பிள்ளைகள். ஒற்றுமையையும் எண்ணிக்கையையும் சட்டையே சொல்லிவிட்டது.

2023 ஜூலை 28இல் தலைமன்னாரில் தொடங்கி ஓகஸ்ட் 12இல் மாத்தளையில் முடிந்த நடைபயணத்தில் பாதையே பேசியது. 200 வருஷத்துக்கு முன் படகில் இறங்கியவர்கள் காட்டு வழியே நடந்து, வழியெங்கும் காய்ச்சலிலும் பசியிலும் செத்து, மிச்சப்பட்டவர்கள் மலை ஏறிய அதே திசை. நடந்தவர்கள் வழியில் சிங்களக் கிராமங்களில் தண்ணீர் வாங்கிக் குடித்தார்கள், பேசினார்கள். "நாங்கள் எப்படி இங்கே வந்தோம் தெரியுமா" என்று சொல்வதற்கு அந்த நடை ஒரு வாய்ப்பு. என் அப்பா கடைசி இரண்டு நாள் போய்ச் சேர்ந்தார். திரும்பி வந்தபோது செருப்பு அறுந்திருந்தது. அன்றிரவுதான் முதல் தடவையாகத் தன் தாத்தாவின் ஊர்ப் பெயரை எங்களுக்குச் சொன்னார்.

ஹப்புத்தளை_டீச்சர் | வியாழன் அதிகாலை 4.50

தூக்கம் வரவில்லை, இந்த இழைதான் காரணம். தமிழ் படிப்பிக்கிறவள் என்ற முறையில் ஒரு விஷயத்தை விரிவாகச் சொல்ல விடுங்கள்.

பிள்ளைகள் எழுதிய "காணி உரிமையை உறுதிப்படுத்து" என்பதை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். ஏற்றத்தில் நடந்துகொண்டு ஒரு மூச்சில் சொல்ல வராது. தப்பு மேளத்தின் அடியில் உட்காராது. 2022இல் ஜனாதிபதி கோட்டாபயவைப் போகச் சொல்லிக் காலிமுகத்திடலில் நாடு முழுக்கச் சொன்னது "கோட்டா கோ ஹோம்". "கபுட்டு காக் காக்" என்று சின்னப் பிள்ளைகூடத் தாளம் போட்டது. பொருளுக்கு முன்னால் தாளம் காதுக்குள் போய்விடுகிறது. ஆகவே எந்த வரியையும் எழுதும் முன்பு தப்புக்காரரைக் கூப்பிட்டு அடிக்கச் சொல்லுங்கள். அதில் உட்காராத வரியை விட்டுவிடுங்கள்.

இனி வினைச்சொல். நம் கோஷம் எல்லாம் "கொடு", "நிறுத்து", "ஏமாற்றாதே" என்று ஒருமையில் முடிகிறது. யோசித்துப் பார்த்திருக்கிறீர்களா? பெரட்டில் நின்றால் "குடுங்க தொரை", "பேர் போடுங்க ஐயா". லீவு கேட்டாலும் அப்படித்தான். மனு எழுதினால் "தாழ்மையுடன் வேண்டிக்கொள்கிறேன்", கீழே "தங்கள் கீழ்ப்படிவுள்ள". பிறந்ததிலிருந்து சாகும்வரை மரியாதை விகுதி இல்லாமல் மேலே பார்த்துப் பேசியிராத ஒரு பெண், வாழ்க்கையில் முதல் தடவையாக "கொடு!" என்று சொல்வது ரோட்டில்தான். அந்த ஒரு நிமிஷம் அவளுடைய நாக்கு வேறு நாக்கு.

தொல்காப்பியம் சொல்லதிகாரத்தில் இதற்கு ஓர் இடம் இருக்கிறது. ஒருவரிடம் ஒன்றைக் கேட்க ஈ, தா, கொடு என்று மூன்று சொற்கள். தாழ்ந்தவர் உயர்ந்தவரிடம் கேட்டால் "ஈ". சமமானவரிடம் சமமானவர் கேட்டால் "தா". உயர்ந்தவர் கேட்டால் "கொடு". கையேந்துகிறவருடைய சொல் அல்ல கொடு. மேலே நிற்கிறவருடைய சொல். நம் பாட்டிமார் இலக்கணம் படிக்கவில்லை. ஆனால் கோஷம் போடும்போது சரியான சொல்லைத்தான் எடுத்திருக்கிறார்கள். மஸ்கெலியாத் தங்கச்சி சொன்ன முதுகு நிமிர்தல் தமிழில் வினைமுற்றிலேயே நடக்கிறது.

காணிக்கு ஒரு வரி எனக்குத் தோன்றுகிறது. நிலப் பத்திரத்துக்கு நாம் உறுதி என்கிறோம். அரசியல்வாதி தருவதும் உறுதிதான், வாக்குறுதி. "வாக்குறுதி போதும், காணி உறுதி எங்கே?" தப்பில் உட்காரும் என்றே நினைக்கிறேன்.

கொழுந்துக்கூடை | வியாழன் இரவு 7.45

டீச்சர், நீங்க எழுதுனத வாசிச்சு கண்ணு கலங்கிருச்சு. எங்க அம்மாவுக்கும் வாசிச்சுக் காட்டுனேன்.

ஆனா ஒண்ணு கேக்கணும். கொடுன்னு சொன்னா, குடுக்க வேண்டிய பொருள் அவங்களோடதுன்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆகாதா? நான் நிக்கிற லயம் எங்க பாட்டன் காலத்துல இருந்து நாங்க இருக்கிற லயம். அடுப்பு நாங்க கட்டுனது. பின்னால உள்ள பீலியும் வாழ மரமும் நாங்க வச்சது.

இன்னொண்ணும் சொல்லணும். கோஷத்த எழுதுறது ஆம்பளைங்க, மைக் ஆம்பளைங்க கையில, முன்னால நிறுத்துறது எங்கள. கொழுந்து எடுக்கிறது நாங்க. 1984 வரைக்கும் அதே நாளுக்கு எங்களுக்கு ஆம்பள சம்பளத்த விடக் கொறவாத்தான் குடுத்தாங்க. அதுக்கப்புறமும் சங்கத்துல மேல உக்காந்திருக்கிற பொம்பளைங்கள எண்ண ஒரு கை போதும். 2015ல கேரளாவுல மூணாறுல நம்மள மாதிரித் தமிழ்ப் பொம்பளைங்க, தேயிலையில வேல செய்றவங்க, சங்கத் தலைவர்மார ஒதுங்கி நிக்கச் சொல்லிட்டுத் தாங்களே ரோட்டுல ஒக்காந்தாங்க. போனஸையும் வாங்குனாங்க. அவங்க கோஷத்த அவங்களே போட்டாங்க. பெரட்டுக்களம் தம்பி, நீங்க எட்டுப் பேரு உக்காந்து பேசுனீங்களே, அதுல எத்தன பேரு கொழுந்து எடுக்கிறவங்க? உங்க அம்மா ஏன் அடுப்படியிலருந்து பேசணும்?

பெரட்டுக்களம் | வியாழன் இரவு 8.20

அக்கா, ஒருவரும் இல்லை. எட்டுப் பேரில் கொழுந்து எடுக்கிறவர் ஒருவரும் இல்லை. நாளை அம்மாவையும் அவருடைய கூட்டாளி நான்கு பேரையும் கூப்பிட்டு உட்காருகிறோம். நான் எழுத மட்டும் செய்கிறேன்.

நானுஓயா_77 | வியாழன் இரவு 8.55

நல்ல முடிவு. தங்கச்சி சொன்ன மூணாறு விஷயம் இங்கே எத்தனையோ பேருக்குத் தெரியாது.

பழைய_தலைவர் | வெள்ளி காலை 9.15

பெண் பிள்ளை சொன்னது என்மீதும் விழுகிறது. இருபது வருஷம் தலைவராக இருந்தேன், மாதர் சங்கத்துக்குக் கூட்டத்தில் கடைசியில்தான் நேரம் கொடுத்தேன். அது தவறு.

பெயர் விஷயமும் சொல்லிவிடுகிறேன். 1940 ஜனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் கோவிந்தன் பொலிஸ் சூட்டில் செத்தார். எங்கள் காலத்தில் மே தின மேடையில் அந்தப் பெயரைச் சொன்னால் போதும், கூட்டம் அடங்கிவிடும். என்ன கோரிக்கைக்காகச் செத்தார் என்பது பலருக்கு மறந்துபோயிருக்கும், பெயர் மறக்கவில்லை. ஞாயிறு அன்று சிவனு லட்சுமணன் பெயரையும் கோவிந்தன் பெயரையும் ஒரு துணியில் எழுதி நடுவில் பிடியுங்கள். அது ரோட்டில் போகிறவருக்காக இல்லை. வந்து நிற்கிற பிள்ளைகளுக்காக.

பெரட்டுக்களம் | வெள்ளி இரவு 10.30

இன்றைக்கு நடந்ததை அப்படியே எழுதுகிறேன்.

ஐந்து பெண்கள், நான், தப்பு அடிக்கிற மாமா. டீச்சரின் வரியை வாசித்தேன். மாமா அடித்தார். "வாக்குறுதி போதும், காணி உறுதி எங்கே?" இரண்டாவது தடவையே ஐந்து பேரும் சேர்ந்து சொன்னார்கள். அது முடிவாயிற்று. ஆனால் சிங்களத்தில் வராது. உறுதிக்கு அங்கே ஒப்புவ, வாக்குறுதிக்குப் பொரொந்துவ. விளையாட்டு அங்கேயே போய்விடுகிறது. ஊவாக்கார அண்ணா சொன்ன காணிப் பயமும் இருக்கிறது. சிங்களத்துக்கு வேறு வேண்டும்.

அப்போது அம்மா தம்பியின் கதையைச் சொன்னார். போன வருஷம் அவனுக்கு ஒரு நேர்முகத் தேர்வுக் கடிதம் வந்தது. லயத்துக்குத் தபால் வருவதில்லை, தோட்ட ஆபீஸுக்குத்தான் வரும். அங்கே கிடந்து, தேர்வு முடிந்து நான்கு நாள் கழித்துக் கைக்குக் கிடைத்தது. எங்கள் லயத்தில் பத்துக் காம்பரா, பதினாறு குடும்பம், விலாசம் ஒன்றுதான். கதையைச் சொல்லி முடித்துவிட்டு அம்மா கேட்டார்: "எங்க வீட்டுக்கு நம்பர் என்ன?"

மாமா தப்பை எடுக்கக்கூட இல்லை. எல்லோரும் ஒரு நேரத்தில் "இதுதான்" என்றோம்.

சிங்களத்தில் "அபே கெதர நொம்மரே கீயத?" ஒரு சொல்கூட மாற வேண்டியதில்லை. பக்கத்துக் கடைக்கார அண்ணாவிடம் எழுத்தைச் சரி பார்த்தோம். வாசித்துவிட்டு, "நம்பர் நெத்த?", நம்பர் இல்லையா என்று அவரே கேட்டார். இருபது வருஷமாக எங்களுக்குக் கடன் கொடுக்கிறவர். எங்கள் வீட்டுக்கு எண் இல்லை என்பது அவருக்கு இன்றுதான் தெரிந்தது.

ஹப்புத்தளை_டீச்சர் | வெள்ளி இரவு 10.50

கேள்வியாக வந்தது எவ்வளவு நல்லது. கோரிக்கை என்றால் வாசிக்கிறவர் முடியாது என்று சொல்லிவிட்டுப் போகலாம். கேள்வி என்றால் பதிலைத் தேடுவார், பஸ் அடுத்த வளைவைத் தாண்டிய பிறகும். உங்கள் அம்மாவுக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள்.

ஊவாக்காரன் | சனி காலை 7.00

அம்மாவின் வரிக்கு முன்னால் என் வாதம் எல்லாம் சின்னது. வீட்டுக்கு எண் கேட்பதில் எந்தக் கிராமத்துக் காணியும் பறிபோகாது. சிங்களவர் யாரும் அதில் பயப்பட ஒன்றும் இல்லை. ஆனால் எண் போட வேண்டும் என்றால் வீடு தனி வீடாக வேண்டும், நிலத்துக்கு உறுதி வேண்டும். முழுக் கோரிக்கையும் அதற்குள் மடித்து வைத்திருக்கிறது.

ஒரு எச்சரிக்கை மட்டும். கொழுந்துக்கூடைத் தங்கச்சி முதல் நாள் சொன்னதை மறக்காதீர்கள். நாளைக்கே ஒரு பெயின்டரை அனுப்பி லயன் கதவில் 1, 2, 3 என்று எழுதிவிட்டு, கேட்டதைக் கொடுத்துவிட்டோம் என்பார்கள். அதனால் இரண்டு பதாகையும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கட்டும். எண்ணும் உறுதியும் ஒன்றாக.

கொழுந்துக்கூடை | சனி இரவு 8.05

ஆமா அண்ணா. அதையும் எழுதுங்க தம்பி. மைக் அம்மா கையில குடுங்க.

பெரட்டுக்களம் | திங்கள் காலை 6.10

நேற்று மழை. இருந்தும் அறுபது பேருக்கு மேல் வந்தார்கள், பாதிக்கு மேல் பெண்கள். நடுவில் பெயர் எழுதிய துணியைப் பழைய ஆட்கள் இரண்டு பேர் பிடித்தார்கள். ஒரு பக்கம் உறுதி, ஒரு பக்கம் நம்பர், தமிழிலும் சிங்களத்திலும். அம்மா மைக்கில் இரண்டு நிமிஷம்தான் பேசினார். தம்பியின் கடிதத்தை எடுத்து, அதில் போட்டிருந்த திகதியையும் கைக்குக் கிடைத்த திகதியையும் வாசித்தார். வேறு ஒன்றும் சொல்லவில்லை.

பதினொரு மணிக்கு ஒரு த்ரீவீல்காரர் நிறுத்தினார். சிங்கள ஆள், நடுத்தர வயது. பதாகையை வாசித்துவிட்டு, "அப்படியென்றால் ஆஸ்பத்திரியிலிருந்து கடிதம் போட்டால் எங்கே வரும்?" என்று அம்மாவிடம் கேட்டார். அம்மா தனக்குத் தெரிந்த சிங்களத்தில் விளக்கினார். அவர் மழையில் இறங்கி நின்று கேட்டார். போகும்போது போனில் படம் எடுத்துக்கொண்டு போனார்.

மனுவைக் கையளித்தோம். பதில் இன்னும் இல்லை. அடுத்த மாதம் மறுபடி நிற்கிறோம்.

நானுஓயா_77 | திங்கள் காலை 7.30

சிங்கள வரியை எழுதிய துணியின் படம் ஒன்று போடுங்கள் தம்பி. எங்கள் தோட்டத்திலும் ஆட்கள் கேட்கிறார்கள். எத்தனை யார் துணி எடுத்தீர்கள்?

பெரட்டுக்களம் | திங்கள் இரவு 8.40

ஐந்து யார் அண்ணா. எழுத்து ஒரு முழ உயரம் இருந்தால்தான் ஓடுகிற பஸ்ஸிலிருந்து வாசிக்க முடிகிறது. துணி இன்னும் ஈரம், அம்மா காயப் போட்டிருக்கிறார். காய்ந்ததும் படம் போடுகிறேன்.